சகாயமேரி சிரித்த பத்து விநாடி

‘கரையோரத்து வீடு’ படத்துக்கு வெள்ளிக்கிழமை காலை ஒன்பது மணிக்குப் பூஜை போட்டார்கள். நானும் போயிருந்தேன். சாமி படத்துக்கு முன்னால் கேமராவை வைத்து முதல் ஷாட் எடுத்தார்கள், கைதட்டினார்கள், சர்க்கரைப் பொங்கல் கொடுத்தார்கள். அந்தப் பொங்கல் எனக்குச் செரிப்பதற்குள், சாயந்திரம் நாலரை மணிக்கு, முழுப் படமும் இணையத்தில் வந்துவிட்டது. இரண்டு மணி ஐந்து நிமிடம். பாட்டு, சண்டை, இடைவேளை எல்லாம் இருந்தது.

எடுக்கவே ஆரம்பிக்காத படம் எப்படி வரும் என்று இப்போது யாரும் கேட்பதில்லை. நான் சொல்லும் சமயத்தில் அது கொஞ்சம் புதுசு. முன்பெல்லாம் எடுத்து முடித்த படத்தைத்தான் திருட முடியும். பிறகு இயந்திரங்களுக்குப் படம் பண்ணத் தெரிந்துவிட்டது. ரீமேக் என்றால் அவற்றுக்குக் கொண்டாட்டம், ஏனென்றால் கதை ஏற்கெனவே தயாராக இருக்கிறது. மலையாளத்தில் ஓடிய படத்தை உள்ளே போடு, தமிழில் இயக்கப்போகிறவர் முன்பு எடுத்த நாலு படத்தைப் போடு, கதை எந்த ஊரில் நடக்கிறது என்று சொல்லு. ஆறேழு மணி நேரத்தில் சமைத்துக் கொடுத்துவிடும். ‘ஓசிக் கொட்டகை’ என்ற தளம் இதில் கில்லாடி. மூன்று வருடத்தில் பதினேழு ரீமேக்குகளைப் பூஜை அன்றைக்கே முடித்துவைத்திருந்தது. காலையில் பூஜை, மாலையில் கருமாதி என்று கோடம்பாக்கத்தில் கேலி பேசுவார்கள்.

என் பெயர் இளவழகன். ‘அரண்’ என்ற நிறுவனத்தில் கள்ளப்பிரதி ஒழிப்பு அலுவலர். பேர்தான் பெரிசு. இணையத்தில் எலி பிடிக்கிற வேலை என்பாள் என் மனைவி. அவள் சொல்வதில் தப்பில்லை, ஒரு எலியைப் பிடித்தால் ஒன்பது ஓடும்.

மறுநாள் காலை தயாரிப்பாளர் நாச்சியப்பன் கூப்பிட்டனுப்பினார். பொன்வண்டு பிக்சர்ஸ் அவருடைய அப்பா ஆரம்பித்தது. வரிசையாக மூன்று படம் ஊற்றிக்கொண்டதில் மனிதர் ஒடுங்கிப்போயிருந்தார். இந்த மலையாள ரீமேக்கைத்தான் மலைபோல நம்பியிருந்தார்.

“பார்த்தீங்களா?” என்றார், நான் உட்காருவதற்கு முன்பே.

“பார்த்தேன் சார்.”

“எப்படி இருக்கு?”

உண்மையைச் சொல்வதா என்று ஒரு நிமிடம் யோசித்தேன். “நல்லா இருக்கு சார்.”

“அதுதாங்க வயித்தெரிச்சல். நானும் பார்த்தேன். அழுதுட்டேன்.”

கதை ரொம்ப எளிமையானது. ஆற்றங்கரையில் ஒரு வீடு. அணை கட்டப்போகிறார்கள், வீடு தண்ணீருக்குள் போகப்போகிறது. அம்மா கிளம்பமாட்டேன் என்கிறாள். மூன்று பிள்ளைகள் வந்து கெஞ்சுகிறார்கள், மிரட்டுகிறார்கள், ஆளுக்கொரு பக்கம் இழுக்கிறார்கள். கடைசியில் அவள் இறந்துபோகிறாள், பாடையில்தான் அந்த வீட்டை விட்டு வெளியே வருகிறாள். படம் முழுக்க அந்த அம்மாதான்.

“கேஸ் போட்டா என்னங்க?” என்றார் நாச்சியப்பன்.

“என்னத்தைத் திருடினாங்கன்னு ஜட்ஜ் கேப்பார் சார். நாம இன்னும் ஒரு சீன்கூட எடுக்கலையே. மலையாளக்காரங்க வேணா போடலாம். அது முடிய ஆறு வருஷம் ஆகும். அந்தத் தளம் எந்த நாட்டுல இருக்குன்னே இன்னும் யாருக்கும் தெரியாது.”

“அப்ப வழியே இல்லையா?”

“முகம் இருக்கு சார்.”

அந்தச் சமயத்தில் எங்களுக்கு இருந்த ஒரே ஆயுதம் அதுதான். முக உரிமைச் சட்டம் வந்து ஐந்து வருடம் ஆகியிருந்தது. நட்சத்திரங்கள் எல்லாம் தங்கள் முகத்தைப் பதிவு செய்து பூட்டிவைத்துவிட்டார்கள். அந்த முகங்களை அனுமதி இல்லாமல் போட்டால் எந்தக் கருவியிலும் படம் ஓடாது. அதனால் ஓசிக் கொட்டகைக்காரர்கள் பூட்டாத முகங்களாகப் பார்த்துப் போட்டார்கள். கூட்டத்தில் நிற்பவர்கள், கல்யாண வீட்டில் பந்தி பரிமாறுபவர்கள், துக்க வீட்டில் அழுபவர்கள். பூட்டுவதற்குக் கட்டணம் உண்டு, துணை நடிகர்களில் எத்தனை பேருக்கு அது முடியும்? ஆனால் முகத்துக்குச் சொந்தக்காரர் ‘இந்தப் படத்தில் நான் நடிக்கவில்லை’ என்று ஒரு கையெழுத்துப் போட்டால் போதும். ஃபோன், டி.வி., கணினி எதுவானாலும் சட்டப்படி உள்ளே ஒரு முகச்சல்லடை வைத்துத்தான் விற்கிறார்கள். அது இருபத்துநாலு மணி நேரத்தில் அந்தப் படத்தை உலகம் முழுக்கத் துடைத்துவிடும். சின்னத் துண்டாக வெட்டி ஒளித்துவைத்திருந்தாலும் விடாது.

“அந்த அம்மா யாருங்க? நான் பார்த்த மாதிரியே இல்லையே.”

“சகாயமேரின்னு பேரு சார். சாலிகிராமம். முப்பத்திரண்டு வருஷமா நடிக்கிறாங்க. உங்க படத்துலயே ஒன்பது.”

நாச்சியப்பன் மேஜை மேலிருந்த காலண்டரைத் திருப்பினார். “வியாழக்கிழமை ஷூட்டிங். அதுக்குள்ள படம் போகலைன்னா பணம் போடறவங்க கழண்டுக்குவாங்க. இருநூறு பேருக்கு வேலை போயிரும். ஒரு கையெழுத்துதானே, வாங்கிட்டு வந்திருங்க.”

எனக்கு அந்த அம்மாவைப் பார்க்க வேறு ஒரு காரணமும் இருந்தது. அந்தப் படத்தின் முடிவு.

மலையாளத்தில் பாடை ஆற்றைக் கடப்பதோடு படம் முடிகிறது. இதில் அப்படி இல்லை. பாடையைத் தூக்குவதற்கு முன் கேமரா அம்மாவின் முகத்துக்குக் கிட்டே போகிறது. செத்துப்போனவள் கண்ணைத் திறக்கிறாள். நேராக நம்மைப் பார்க்கிறாள். சிரிக்கிறாள். பத்து விநாடி. அப்புறம் இருட்டு.

ஊரே அதைப் பற்றித்தான் பேசியது. பிள்ளைகளை மன்னித்துவிட்டாள் என்று ஒரு பேராசிரியர் எழுதினார். இல்லை, அரசாங்கத்தைக் கேலி செய்கிறாள் என்று இன்னொருவர். டி.வி.யில் நாலு பேர் உட்கார்ந்து சண்டை போட்டார்கள். எனக்குத் தெரிந்தவரை இயந்திரத்துக்கு இந்த மாதிரி யோசனையெல்லாம் வராது. பார்த்ததைக் கலந்து தரும், அவ்வளவுதான். அப்படியானால் செத்தவள் சிரிப்பதை அது எங்கே பார்த்தது? எங்கள் அலுவலகத்தில் உள்ள படங்களையெல்லாம் துழாவினேன், எதிலும் இல்லை. ஒரு விஷயம் புரியவில்லை என்றால் எனக்குச் சோறு இறங்காது.

ஞாயிற்றுக்கிழமை மத்தியானம் சாலிகிராமம் போனேன். தெரு முனையிலேயே ஃப்ளெக்ஸ் கட்டியிருந்தார்கள். ‘எங்கள் தெருவின் நாயகி’ என்று போட்டு, பெரிய குங்குமப் பொட்டோடு சகாயமேரியின் படம். வீட்டில் பார்த்தபோது நெற்றி வெறுமையாக இருந்தது. சர்ச்சுக்குப் போய்விட்டு வந்த வெள்ளைப் புடவையை இன்னும் மாற்றவில்லை. அறுபது வயதிருக்கும், ஒல்லியான உடம்பு. பக்கத்து வீட்டிலிருந்து வந்த கேசரியை எனக்கும் ஒரு தட்டில் வைத்துக் கொடுத்தார்.

நான் விஷயத்தைச் சொல்லிப் படிவத்தை நீட்டினேன்.

“இதுல என்ன எழுதியிருக்கு, படிங்க தம்பி.”

“‘மேற்படி படத்தில் நான் நடிக்கவில்லை’ன்னு இருக்கும்மா.”

“அப்ப யாரு நடிச்சா?”

“மெஷின்மா. உங்க முகத்தை மட்டும் எடுத்துக்கிட்டு…”

“மெஷினுக்கு மூக்கு சிந்தத் தெரியுமா?” என்று சொல்லிவிட்டு எழுந்து டி.வி.யைப் போட்டார். படம் அதில் தயாராக இருந்தது. கைக்குச் சிக்கிய இடத்தில் நிறுத்தினார். “இந்த அழுகையைப் பாருங்க. இது கோவளத்துல எடுத்தது. கடல்ல போனவங்க செத்து ஒதுங்குற சீன். நாப்பது பேர் நின்னோம், நான் நாலாவது வரிசை. மணலு சுட்டுச்சு, செருப்பு போடக்கூடாதுன்ட்டாங்க. அந்த எரிச்சல்ல வந்த அழுகை அது.”

இன்னொரு இடத்துக்கு ஓட்டினார். அம்மா மூத்த மகனைப் பார்த்துக் கையை உதறிவிட்டு உள்ளே போகிற காட்சி. “இது மார்க்கெட் சீன். கத்திரிக்காய் சொத்தைன்னு தூக்கிப் போட்டுட்டுப் போவேன். ஹீரோவும் ஹீரோயினும் முன்னாடி பேசிக்கிட்டு இருப்பாங்க. என் கை மட்டும்தான் ஃபிரேம்ல வந்துச்சுன்னு நெனச்சுட்டு இருந்தேன்.”

பதினைந்து இருபது இடம் காட்டியிருப்பார். ஒவ்வொன்றுக்கும் படத்தின் பெயர், இடம், அன்றைக்கு என்ன டிபன் கொடுத்தார்கள் என்பது வரை சொன்னார். நான் கேசரியை மறந்து கேட்டுக்கொண்டிருந்தேன். இயந்திரம் எப்படிக் கற்றுக்கொள்கிறது என்று எத்தனையோ பயிற்சி வகுப்பில் உட்கார்ந்திருக்கிறேன். ஒருவர்கூட இவ்வளவு தெளிவாகச் சொன்னதில்லை.

“முப்பத்திரண்டு வருஷம் பின்னாடி நின்னே நடிச்சேன் தம்பி. எல்லாரும் முன்னாடி நிக்கிறவங்களைத்தான் பார்த்தாங்க. இது ஒண்ணுதான் என்னையப் பார்த்திருக்கு. இதுல நான் நடிக்கலைன்னு எப்படிக் கையெழுத்து போடுவேன்?”

“நடிச்சேன்னு சொன்னா அவங்களுக்கு நீங்க உடந்தைன்னு ஆயிடும்மா.”

“ஆவட்டும்.”

படிவத்தை மடித்துப் பையில் வைத்தேன். “ஒண்ணு மட்டும் சொல்லுங்கம்மா. கடைசில அந்தச் சிரிப்பு எங்கேருந்து வந்துச்சு?”

அவர் முகம் மாறியது. ரிமோட்டைக் கீழே வைத்தார். பிறகு, “நீங்க சினிமாக்காரரு இல்லைல்ல, அதான் தெரியல,” என்றார். “பொணமா நடிச்சா, ஷாட் முடிஞ்ச உடனே எழுப்பி, கேமராவைப் பார்த்து சிரிக்கச் சொல்லுவாங்க. செத்த மாதிரி படுத்தது ஆகாதாம். சிரிச்சாத்தான் தோஷம் கழியும். சிரிக்காம வீட்டுக்குப் போனா நெசமாவே ஏதாச்சும் நடந்துடும்னு பயம்.”

“நீங்க எத்தனை தடவை…”

“நாப்பத்து மூணு தடவை செத்திருக்கேன். மூக்கு மேல ஈ உக்காந்தாலும் அசைய மாட்டேன். அதனால பொணம்னா மேரியக் கூப்புடும்பாங்க.”

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. பேராசிரியர் எழுதிய கட்டுரையை நினைத்துக்கொண்டேன். மன்னிப்பும் இல்லை, கேலியும் இல்லை. இந்த அம்மா செத்தால் அடுத்தது சிரிப்பு என்று அந்த இயந்திரம் நாற்பத்து மூன்று தடவை பார்த்திருக்கிறது. அதுதான் முறை என்று நினைத்து நாற்பத்து நாலாவது தடவையும் போட்டுவிட்டது.

சிரித்துக்கொண்டிருக்கும்போதே வேறொன்று உறைத்தது.

“அம்மா, அந்தச் சிரிப்பு எந்தப் படத்துலயாவது வருமா?”

“எப்படி வரும்? வெட்டிப் போட்டுருவாங்க.”

வெளியே வராத துண்டு. படத்தைப் பார்த்து யாரும் அதைத் திருடியிருக்க முடியாது. படப்பிடிப்பில் எடுத்து, வெட்டாமல் தயாரிப்பாளர் வசம் கிடக்கும் காட்சிகளில் மட்டும்தான் அது இருக்கும். “இந்தச் சிரிப்பு எந்தப் படத்துல சிரிச்சதுன்னு தெரியுமாம்மா?”

“எனக்குத் தெரியாதா? ‘ஆறாவது சாட்சி’. பொன்வண்டு படம். பாதியில நின்னு போச்சு, ரிலீசே ஆகல.” இதைச் சொல்லிவிட்டு காபி போடுகிறேன் என்று உள்ளே போனவர் ரொம்ப நேரம் கழித்துத்தான் வந்தார்.

திங்கட்கிழமை நாச்சியப்பன் முன்னால் போய் நின்றேன். கையெழுத்து எங்கே என்றார். ‘ஆறாவது சாட்சி’யின் காட்சிகள் எங்கே இருக்கின்றன என்று நான் கேட்டேன். அவர் முகத்தைப் பார்த்ததுமே எனக்கு விளங்கிவிட்டது.

“குப்பைன்னு நெனச்சேன் இளவழகன்,” என்றார். “அந்தப் படம் நின்னு, மூச்சு முட்டிக்கிட்டு இருந்த நேரம். சிங்கப்பூர்லேருந்து ரெண்டு பேர் வந்தாங்க. வெட்டிப் போட்டது, வேணாம்னு ஒதுக்கினது எல்லாம் வாங்கிக்கறோம், கம்ப்யூட்டருக்குப் பாடம் சொல்லிக் கொடுக்கன்னாங்க. அப்பா காலத்துலேருந்து இருந்த அத்தனையும் கொடுத்தேன். நான் மட்டும் இல்லீங்க, இந்த ஊர்ல முக்கால்வாசிப் பேர் கொடுத்திருக்காங்க. எந்தக் கம்ப்யூட்டர், என்ன பாடம்னு யாருமே கேக்கல.”

“இங்க பிரதி ஏதாவது இருக்கா?”

“ஒப்பந்தத்துல இருந்துச்சு. அவங்க எடுத்துக்கிட்டு நம்ம டிஸ்க்கை எல்லாம் அழிச்சுட்டாங்க.”

“அப்ப ஓசிக் கொட்டகைக்குச் சமைக்கக் கத்துக் கொடுத்ததே நீங்கதான் சார்.”

வேறு சமயமாக இருந்தால் என்னை வெளியே போகச் சொல்லியிருப்பார். அன்றைக்குத் தலையைத்தான் ஆட்டினார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்துக்கொண்டே, “அந்த அம்மா வேஷத்தை அவங்களுக்கே கொடுத்துடலாமா?” என்றார். எனக்கு அவர் மேல் இருந்த கோபம் பாதி போய்விட்டது.

செவ்வாய்க்கிழமை இரண்டு பேருமாகப் போனோம். சகாயமேரியின் மகள் ஸ்டெல்லாவும் அன்றைக்கு இருந்தாள். போரூரில் கட்டிக்கொடுத்திருக்கிறார்கள், ஒரு மருந்துக் கடையில் வேலை. நாச்சியப்பன் தரையில் போட்ட பாயில் உட்கார்ந்து நேராக விஷயத்துக்கு வந்தார். அம்மா வேஷம், போஸ்டரில் பெயர், முப்பத்தைந்து நாள் கால்ஷீட்.

சகாயமேரி மகளைப் பார்த்தார். மறுபடி அவரைப் பார்த்தார். “என்னையவா சார்?”

“உங்களைத்தாம்மா.”

“வசனமெல்லாம் இருக்கா?”

“படமே உங்க வசனம்தாம்மா.”

அவருக்கு அது எவ்வளவு பெரிய விஷயம் என்று பார்த்தவுடனே தெரிந்தது. முந்தானையை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார். நான் பையிலிருந்து படிவத்தை எடுத்தேன்.

“கையெழுத்து போட்டா அந்தப் படம் போயிடும், இல்ல தம்பி?”

“போயிடும்மா.”

“கடைசில வர்ற சிரிப்பு?”

“அதுவும்தான்.”

“அப்ப வேணாம் சார்,” என்றார் நாச்சியப்பனிடம். “வேற யாரையாச்சும் போட்டுக்கங்க.”

நாச்சியப்பன் பதறிப்போனார். “சிரிப்பை நாமளும் எடுத்துடலாம்மா. ஊரே அதைத்தானே கேக்குது. இன்னும் நல்லா லைட்டிங் பண்ணி…”

“அதை எடுக்க முடியாது சார்.”

அப்புறம்தான் சொன்னார். பூந்தமல்லிப் பக்கம் செட். அன்றைக்கு ஸ்டெல்லாவுக்கு இடுப்பு வலி எடுத்து ஆஸ்பத்திரியில் சேர்த்திருந்தார்கள். சகாயமேரியால் போக முடியவில்லை. காலையில் பாதி காட்சி எடுத்தாகிவிட்டது, நடுவில் பிணத்தை மாற்ற முடியாது. ஃபோனை உதவி இயக்குநர் பெண்ணிடம் கொடுத்துவிட்டுப் போய்க் கட்டிலில் படுத்துக்கொண்டார். ஷாட் போய்க்கொண்டிருக்கும்போது ஃபோன் அதிர்கிற சத்தம் அவருக்குக் கேட்டது. அசையவில்லை. கட் சொன்னதும் அந்தப் பெண் ஓடிவந்து காதில் குனிந்து, “மேரிம்மா, பேத்தி பொறந்திருக்கா, இப்ப சிரிங்க,” என்றாள்.

“கேமரா ஓடிக்கிட்டு இருந்துச்சு. நான் சிரிச்சேன். மத்த நாப்பத்திரண்டும் சிரிக்கணுமேன்னு சிரிச்சது சார்.”

“சந்தோஷம்மா,” என்றார் நாச்சியப்பன். “பேத்திக்கு இப்ப நாலு வயசு இருக்குமா?”

“மூணு நாள் இருந்தா.”

ஸ்டெல்லா எழுந்து சமையலறைப் பக்கம் போய் நின்றுகொண்டாள்.

“ஆஸ்பத்திரியிலேயே ஃபாதர் வந்து ஞானஸ்நானம் கொடுத்தாரு. ஜெசிந்தான்னு பேரு வெச்சோம். மாப்பிள்ளை போட்டோ எடுக்க ஃபோனைத் தூக்கினாரு. பச்சப்புள்ளைய எடுக்கக்கூடாது, கண்ணு பட்டுடும்னு நான்தான் தட்டிவிட்டேன். ஒரு போட்டோ இல்ல. நான் பண்ணினதுதான்.” சமையலறைப் பக்கம் ஒரு தடவை பார்த்துவிட்டுத் தொடர்ந்தார். “இந்தப் படத்தைப் போட்டுப் பார்த்தப்பதான் அந்தச் சிரிப்பு எங்கயோ இருக்குன்னே எங்களுக்குத் தெரிஞ்சுது. ஸ்டெல்லா ஒரு நாளைக்கு நாலு வாட்டி பாக்குறா. அதுல பாப்பா இருக்காங்குறா.”

“அதை மட்டும் ஒரு போட்டோவா பேப்பர்ல பிரிண்ட் போட்டுத் தர்றேம்மா,” என்றார் நாச்சியப்பன்.

“போட்டோல நான் சிரிச்சுக்கிட்டு இருப்பேன் சார். சிரிக்க ஆரம்பிக்கிறது இருக்காது. சேதி காதுல விழுந்து, அது முகத்துக்கு வருது பாருங்க, அதுலதான் அவ பொறக்குறா.”

நாச்சியப்பன் கும்பிட்டுவிட்டு வெளியே வந்தார். காரில் ஏறி உட்கார்ந்த பிறகும் கிளம்பச் சொல்லவில்லை. “விட்ருங்க இளவழகன். நான் படத்தை நிறுத்திக்கறேன்,” என்றார் கடைசியில். சொன்னதைச் செய்யக்கூடியவர் என்று எனக்குத் தெரியும். அந்த இருநூறு பேரில் பாதிப் பேர் சகாயமேரியைப் போன்றவர்கள்தான் என்பதும் தெரியும்.

அன்றைக்கு அலுவலகத்தில் நான் ஒரு வேலையும் பார்க்கவில்லை. முகச்சல்லடை இல்லாத கருவி உலகத்தில் எங்கேயாவது இருக்குமா என்று யோசித்துக்கொண்டே மாடிக்கும் கீழுக்கும் நடந்தேன். மாடியில் ஒரு அறை உண்டு. ரொம்பப் பழைய வழக்குகளில் பிடித்த சாமான்கள் அதில் கிடக்கின்றன, யாரும் திறப்பதில்லை. திறந்தேன். மூன்றாவது அலமாரியில், ஒரு பிளாஸ்டிக் உறைக்குள், டேப் போட்டு எடுக்கிற ஹேண்டிகேம் இருந்தது. தியேட்டரில் மடியில் வைத்துப் படத்தைத் திருடியவனிடம் பிடுங்கியது. இருபத்தெட்டு வருடத்துப் பொருள். அது செய்யப்பட்டபோது சட்டமும் இல்லை, சல்லடையும் இல்லை. பேட்டரி செத்திருந்தது. வயரைச் செருகி இரண்டு தட்டு தட்டினேன், சின்னத் திரையில் வெளிச்சம் வந்தது.

புதன்கிழமை காலை பதினோரு மணிக்கு சாலிகிராமத்தில் ஜன்னலை எல்லாம் சாத்தி, துணியைத் தொங்கவிட்டு, டி.வி.க்கு எதிரே இரண்டு தலையணையை அடுக்கி அதன் மேல் கேமராவை வைத்தேன். பதினாறு வருடமாக எந்த வேலையைச் செய்தவர்களைத் துரத்தினேனோ அதே வேலை. முதல் தடவை எடுத்தபோது திரை கோணலாக வந்தது. இரண்டாவது தடவை பக்கத்து வீட்டில் குக்கர் விசில் அடித்தது. மூன்றாவது தடவை எல்லாம் சரியாக இருந்தது, கடைசி விநாடியில் ஸ்டெல்லா தன்னை அறியாமல் முன்னால் சாய்ந்துவிட்டாள், அவளுடைய தலை ஓரத்தில் நிழலாக விழுந்தது. மறுபடி எடுக்கலாம் என்றேன். “இருக்கட்டும் தம்பி, அவளும் இருக்கட்டும்,” என்றார் சகாயமேரி.

சின்னத் திரையில் மூன்று பேரும் பார்த்தோம். அதற்குப் பிறகு அவர் பேனாவைக் கேட்டார். ஆனால் படிவத்தில் இருந்த வரியை ஒரே அடியாக அடித்துவிட்டார். “நடிக்கலைன்னு போடமாட்டேன். பொய்யாயிடும்.”

“வேற எப்படி எழுதறதும்மா?”

“யாரும் என்னைக் கேக்கலைன்னு எழுதுங்க.”

எழுதினேன். ‘இந்தப் படத்தில் நடிக்க என்னை யாரும் கேட்கவில்லை.’ சட்டத்துக்கு அது போதும். கேமராவையும் டேப்பையும் அவர்களிடமே விட்டுவிட்டு, படிவத்தைச் சாட்சிக் கையெழுத்துக்காக நாச்சியப்பனிடம் கொண்டுபோனேன். அந்த ஒரு வரியை அவர் ரொம்ப நேரம் படித்தார். அது யாரைச் சொல்கிறது என்று அவருக்குப் புரியாமல் இல்லை. பேனாவைத் திறந்து கையெழுத்துப் போட்டார்.

வியாழக்கிழமை மத்தியானத்துக்குள் உலகத்தில் எங்கும் அந்தப் படம் இல்லை. டி.வி.யில் சண்டை போட்ட நாலு பேரும் இப்போது அதைத் துடைத்தது சரியா என்று சண்டை போட்டார்கள். அதே நாளில் ஷூட்டிங் ஆரம்பித்தது. சகாயமேரி முப்பத்தைந்து நாள் நடித்தார். நான் இரண்டு நாள் போய்ப் பார்த்தேன். முதல் வரிசையில் நிற்கப் பழகுவதற்கே அவருக்கு ஒரு வாரம் ஆயிற்று என்று இயக்குநர் சொன்னார். பாடைக் காட்சி முடிந்ததும் வழக்கப்படி சிரிக்கச் சொன்னார்கள், அவரும் சிரித்தார். அந்தத் துண்டை நாச்சியப்பன் பக்கத்திலேயே நின்று அழிக்கச் சொன்னார்.

படம் வந்தபோது மூன்று வாரம் ஓடியது. நாச்சியப்பன் தப்பித்தார். கடைசியில் அம்மா சிரிக்கவில்லை என்று நிறையப் பேருக்கு ஏமாற்றம். ஒரிஜினல் மாதிரி இல்லை என்று எழுதினார்கள். எது ஒரிஜினல் என்று அவர்களிடம் கேட்க எனக்கு ஆசைதான்.

முகச்சல்லடை போட்ட படங்களுக்கு வருடா வருடம் ஒரு படிவம் நிரப்ப வேண்டும். ‘மேற்படி படத்தின் பிரதி முழுமையாகவோ துண்டாகவோ எங்கேனும் இருப்பதாக அலுவலருக்குத் தெரியுமா?’ போன வாரம் அந்தப் படிவத்தை முன்னால் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தபோது ஃபோன் வந்தது. ஸ்டெல்லா.

“அண்ணா, தொந்தரவு பண்றேன். அந்த டேப்பு தேய ஆரம்பிச்சுடுச்சு. நடுவுல கோடு கோடா வருது. அம்மாவும் நானும் ரொம்ப ஓட்டிட்டோம் போல. இன்னொரு காப்பி போட முடியுமாண்ணா?”

மாடி அறையில், நாலாவது அலமாரியில், இன்னொரு ஹேண்டிகேம் இருப்பது எனக்கு ஞாபகம் வந்தது. இரண்டையும் ஒரு வயரில் சேர்த்தால் ஒன்றிலிருந்து இன்னொன்றுக்கு எடுக்கலாம்.

“ஞாயித்துக்கிழமை வர்றேம்மா, சர்ச்சுல பூசை முடிஞ்சு வந்துடுவீங்கல்ல?” என்றேன்.

ஃபோனை வைத்துவிட்டு, கேள்விக்கு எதிரே இருந்த கட்டத்தில் ‘தெரியாது’ என்று எழுதிக் கையெழுத்துப் போட்டேன்.